ஜப்பான் படங்களில் ஓரத்தில் நிற்கிற ஆளைப் பின்தொடர்வது எப்படி

கொழிஞ்சாம்பாறை, வேலந்தாவளம், கோவிந்தாபுரம் என்று பாலக்காட்டு எல்லைப் பக்கம் வளர்ந்தவர்களுக்கு இந்த வேலை பாதி ஏற்கனவே தெரியும். வீட்டில் தமிழ், தெருமுனை தாண்டினால் மலையாளம், டிவியில் இரண்டும். படத்தின் பெயர் மறந்துபோகும், கதையும் மறந்துபோகும், ஆனால் "ஒடுவில் உண்ணிகிருஷ்ணன் வருவாரே, அந்தப் படம்" என்றோ "பூர்ணம் விஸ்வநாதன் அப்பாவா வருவாரே" என்றோ சொன்னால் உடனே பிடித்துவிடுவோம். அந்தப் பழக்கத்தை அப்படியே தூக்கி ஜப்பான் படங்கள் மேல் வைக்கச் சொல்கிறேன், அவ்வளவுதான் விஷயம்.

ஏன் இப்படி? பழைய ஜப்பான் படம் பார்க்கலாம் என்று கிளம்புகிறவர்கள் எல்லாரும் இயக்குநர் பெயரைத்தான் பிடித்துக்கொண்டு போகிறார்கள். குரோசாவா நாலு படம், ஓசு ரெண்டு படம், மூன்றாவது ஓசுவில் தூக்கம், அதோடு சரி. இயக்குநர் வழியாகப் போனால் அவர் உலகத்துக்குள்ளேயேதான் சுற்றுவீர்கள். ஒரு துணை நடிகரைப் பிடித்துக்கொண்டு போனால் அவர் குரோசாவா செட்டிலிருந்து கிளம்பி நருசே படத்தில் இறங்கி, அங்கிருந்து ஓசுவின் மதுக்கடைக்குப் போய், நடுவில் யாரும் நமக்குச் சொல்லாத கம்பெனி நகைச்சுவைப் படம் ஒன்றில் மேனேஜராக உட்கார்ந்திருப்பார். ஸ்டூடியோக்கள், நாடகக் குழுக்கள், யுத்தம், டிவி எல்லாம் அந்த ஒருவரின் சம்பளப் பட்டியல் வழியாகவே நமக்குப் புரிந்துவிடும்.

முதலில் ஆளைத் தேர்ந்தெடுக்க வேண்டும், இதில் அவசரப்படாதீர்கள். குறைந்தது மூன்று பெரிய இயக்குநர்களிடம் வேலை செய்தவராக இருக்க வேண்டும், கூட்டத்தில் நின்றாலும் முகம் அடையாளம் தெரிய வேண்டும், சப்டைட்டிலோடு அவர் படங்கள் கிடைக்கவும் வேண்டும். டகாஷி ஷிமுராவை எடுக்கலாமே என்று பலர் சொல்வார்கள். எடுக்கலாம், குரோசாவாவின் 30 படங்களில் 21-இல் இருக்கிறார், அவருடைய ஸ்டார் நடிகர் மிஃபுனேயை விட அதிகம். 1954 ஏப்ரலில் 'செவன் சாமுராய்' தலைவர், அதே வருஷம் நவம்பரில் 'காட்ஸில்லா'வில் தொல்லுயிர் ஆராய்ச்சியாளர். ஆனால் அவருக்குப் பெரிய வேடங்களே நிறையக் கிடைத்துவிட்டன, 'இகிரு'வில் கதாநாயகனே அவர்தான், அதனால் தேடிக் கண்டுபிடிக்கிற ருசி குறைவு. சிஷூ ரியூவை எடுத்தால் ஓசுவிடமே அடைந்து கிடப்போம். நான் சிபாரிசு செய்வது கட்டோ டைசுகே. 1911-இல் பிறந்தவர், 1975-இல் இறந்தார். குட்டையான ஆள், உருண்டை முகம், சிரித்தால் பக்கத்து வீட்டுக்காரர் மாதிரி இருப்பார். இந்த உடம்பை வைத்துக்கொண்டு அவர் போட்ட வேடங்களைப் பார்த்தால் ஒரு நடிகருக்கு எவ்வளவு தூரம் போக முடியும் என்று தெரியும்.

பெயர் விஷயத்தை இங்கேயே முடித்துவிடுவோம். ஜப்பானில் குடும்பப் பெயர் முன்னால் வரும், ஆங்கில டைட்டிலில் திருப்பிப் போடுவார்கள், அதனால் தேடும்போது இரண்டு மாதிரியும் தேடுங்கள். பழைய படங்களில் நடிகர் பட்டியல் ஆரம்பத்திலேயே ஓடிவிடும், சப்டைட்டில்காரர்கள் எல்லாப் பெயரையும் மொழிபெயர்க்க மாட்டார்கள். ஜப்பான் எழுத்து படிக்கத் தெரியாவிட்டாலும் பரவாயில்லை, ஒரு பெயரின் வடிவத்தை மட்டும் மனசில் வாங்கிக்கொள்ளலாம். கட்டோவின் பெயர் நாலு எழுத்து, அதில் மூன்றாவது எழுத்து ஒரு ஆள் கையை விரித்துக் காலை அகட்டி நிற்கிற மாதிரி இருக்கும். விக்கிபீடியாவிலிருந்து அந்த நாலு எழுத்தையும் நகலெடுத்து போனில் வைத்துக்கொள்ளுங்கள், தேடல் பெட்டியில் ஒட்டினால் ஆங்கிலத்தில் தேடும்போது வராத படங்கள், போட்டோக்கள், போஸ்டர்கள் எல்லாம் வரும். டைட்டில் ஓடும்போது இன்னொன்றையும் கவனியுங்கள். முதல் பெயர் தனியாக வரும், அது ஸ்டார். நடுவில் மூன்று நாலு பெயர் சேர்ந்து வரும், நம்ம ஆள் பெரும்பாலும் அந்தக் கூட்டத்தில்தான் இருப்பார். கடைசியாகத் தனியாக வரும் பெயரை அலட்சியம் பண்ணாதீர்கள், அந்த இடம் பெரும்பாலும் மரியாதைக்குரிய மூத்தவருக்கு ஒதுக்கியது. வருஷங்கள் போகப் போக உங்கள் ஆள் கூட்டத்தில் எந்த இடத்துக்கு நகர்கிறார் என்று பார்த்தாலே மார்க்கெட் நிலவரம் தெரிந்துவிடும்.

சரி, எந்த வரிசையில் பார்ப்பது. வருஷ வரிசை வேண்டவே வேண்டாம், ஆரம்ப காலப் படங்களில் எங்கேயோ ஒரு மூலையில் வந்து போவார், கண்டுபிடிப்பதற்குள் வெறுத்துவிடும். முகம் நன்றாகப் பதிகிற படத்தில் தொடங்குங்கள். கட்டோவுக்கு அது 'செவன் சாமுராய்'. ஏழு பேரில் ஈட்டி பிடிக்கிற ஷிசிரோஜி அவர்தான், தலைவர் கம்பேயின் பழைய யுத்தத் தோழன். தோற்றுப்போன கோட்டை எரியும்போது அகழித் தண்ணீரில் நீர்ச்செடிகளுக்கு அடியில் ஒளிந்து தப்பித்ததாகச் சொல்வார், அதையும் ஏதோ பஸ்ஸைத் தவறவிட்ட கதை போலச் சொல்வார். இந்தத் தடவை நாம் சாகலாம் என்று கம்பே சொன்னதும் அவர் ஒன்றும் பேசாமல் ஒரு சிரிப்பு சிரிப்பார் பாருங்கள், அந்த இடத்தில் நிறுத்தித் திரும்ப ஓட்டுங்கள். முகத்தில் வீரமும் கிடையாது, சோகமும் கிடையாது, வேலை கிடைத்த ஆளின் சந்தோஷம்தான் இருக்கும். மிஃபுனே குதிக்கிற காட்சிகளில் ஓரத்தில் இவர் என்ன செய்கிறார் என்று பாருங்கள், கிராமத்து ஆட்களை ஈட்டியோடு வரிசையில் நிறுத்திக் கத்திக்கொண்டிருப்பார், ஒரு நிமிஷம் சும்மா இருக்க மாட்டார். கடைசியில் உயிரோடு மிஞ்சுகிற மூன்று பேரில் ஒருவர்.

அடுத்தது 'யோஜிம்போ', 1961. இங்கே அவர் இனோகிச்சி என்கிற அடியாள், ரவுடித் தலைவனின் தம்பி, இரண்டு புருவமும் நடுவில் சேர்ந்து ஒரே கோடு, முன்பல் வெளியே, விரல் விட்டு எண்ணுகிற புத்தி. எங்கள் பக்கத்து வாயனசாலையில் (ஊர் நூலகம்) இந்த இரண்டு படத்தையும் ஒரு மாத இடைவெளியில் போட்டோம். யோஜிம்போ முடிந்ததும் டீக்கடை அண்ணன் என்னிடம் வந்து, "ஏனுங் தம்பி, அந்தப் புருவக்காரன் யாருங்க, எங்கியோ பாத்த மாதிரி இருக்குது" என்றார்.

"போன மாசம் ஈட்டி புடிச்சுட்டு நின்னாருல்லங்கண்ணா, அவரேதான்."

"பொய் சொல்லாதீங் தம்பி. அவன் நல்லவனாச்சே."

இந்த இடம்தான் வேண்டும். இரண்டு படத்துக்கு நடுவில் இருக்கிற தூரம் தெரிந்துவிட்டால் மிச்சத்தை அவரே இழுத்துக்கொண்டு போவார். படத்தில் மிஃபுனே அடிபட்டு சவப்பெட்டிக்குள் ஒளிந்து தப்புகிற காட்சி ஒன்று உண்டு, அந்தப் பெட்டியை விஷயம் தெரியாமலே தூக்கிக்கொண்டு போய்க் காப்பாற்றுவது எதிராளியான இந்த இனோகிச்சிதான். சிரிப்பு வரும், ஆனால் அவர் கோமாளித்தனம் பண்ணவில்லை, அந்த ஆளுக்கு அவ்வளவுதான் புரியும் என்று நம்ப வைக்கிறார்.

இப்போது முகம் பழகிவிட்டது, சின்ன வேடங்களுக்குப் போகலாம். 'ரஷோமோன்' (1950) படத்தில் திருடனைப் பிடித்துக் கட்டி இழுத்து வந்து விசாரணையில் பெருமையடிக்கிற காவலர் இவர்தான். 'இகிரு' (1952) படத்தில் ரவுடிகளில் ஒருவர். இரண்டிலும் வருவது கொஞ்ச நேரம்தான். இந்த மாதிரி சின்ன வேடங்களைத் தனியாக இரண்டு தடவை பாருங்கள், ஒரு தடவை சத்தத்தோடு, இன்னொரு தடவை சத்தமில்லாமல். ரஷோமோன் காட்சியில் பேசிக்கொண்டிருப்பது காவலர், ஆனால் பக்கத்தில் கட்டிப்போட்டு உட்கார்ந்திருக்கிற மிஃபுனே கண்ணை இழுக்கிறார். அவ்வளவு பெரிய இழுவைக்குப் பக்கத்தில் உட்கார்ந்து தன் வசனத்தைத் தொலைக்காமல் பேசி முடிப்பது எப்படி என்று சத்தமில்லாமல் பார்க்கும்போதுதான் பிடிபடும்.

அப்புறம் நருசே. பெரும்பாலானவர்கள் தவறவிடுகிற இடம் இது, என் கணக்கில் கட்டோவின் நல்ல வேலை இங்கேதான் இருக்கிறது. 1952-இல் வந்த 'மதர்' படத்தில் சோவியத் சிறையிலிருந்து திரும்பி வந்து, சலவைக்கடை நடத்துகிற குடும்பத்துக்கு உதவிக்கு வருகிற ஆள். குழந்தைகள் அவரைப் போர்க்கைதி மாமா என்றே கூப்பிடுவார்கள். 'ஃப்ளோட்டிங் க்ளவுட்ஸ்' (1955) படத்தில் இளம் மனைவியோடு மலையூரில் மதுக்கடை நடத்துகிறவர், அந்த மனைவியையும் கதாநாயகன் விட்டுவைக்கவில்லை. 1960-இல் 'வென் எ வுமன் அசென்ட்ஸ் த ஸ்டேர்ஸ்'. டோக்கியோவின் கின்சாவில் மது விடுதியை நடத்துகிற கதாநாயகியிடம் பெரிய பணக்காரர்கள், பேங்க்காரர்கள் எல்லாம் வந்து போகிற நடுவில், அழகில்லாத, பணிவான, சின்ன ஃபாக்டரி முதலாளி ஒருவர் கல்யாணம் பண்ணிக்கொள்கிறேன் என்று வருகிறார். அவள் நம்புகிறாள், நாமும் நம்புகிறோம், ஏனென்றால் இத்தனை படத்தில் அந்த உருண்டை முகத்தை நம்பிப் பழகிவிட்டோம். கொஞ்ச நேரத்தில் ஒரு போன் வரும். அவள் விசாரித்துக்கொண்டு போனால் ஒரு வசதியில்லாத வீடு, மனைவி, குழந்தைகள். இவருக்கு இதே வழக்கம் என்று மனைவி அலுப்போடு சொல்கிறாள். நருசே எந்த முகத்தை எதற்காகப் போட்டார் என்று அப்போதுதான் உறைக்கும், ஒரு ஸ்டாரை அந்த வேடத்தில் போட்டிருந்தால் முதல் காட்சியிலேயே நமக்குச் சந்தேகம் வந்திருக்கும். துணை நடிகரைத் தொடர்ந்து பார்த்தவர்களுக்கு மட்டும் இந்தக் காட்சி இரண்டு மடங்கு வலிக்கும்.

ஓசுவுக்கு வருவோம். 'ஆன் ஆட்டம் ஆஃப்டர்நூன்', 1962, ஓசுவின் கடைசிப் படம். கட்டோ பழைய கடற்படைச் சிப்பாய், இப்போது கார் பழுது பார்க்கும் கடை. நூடுல்ஸ் கடையில் பழைய கேப்டனைத் தற்செயலாகப் பார்த்து மதுக்கடைக்குக் கூட்டிப்போய், கடற்படை அணிவகுப்புப் பாட்டுப் போடச் சொல்லி, சல்யூட் அடித்துக்கொண்டே கடைக்குள் நடப்பார். ஜெயித்திருந்தால் இப்போது நாம் நியூயார்க்கில் இருந்திருப்போம் என்பார். தோற்றதே நல்லதாய்ப் போயிற்று என்று கேப்டன் சொன்னதும், ஆமாம், அந்த முட்டாள்கள் நம்மை மிரட்டுவதாவது நின்றதே என்று ஒத்துக்கொள்வார். அந்தக் காட்சியை அப்படியே ரசித்துவிட்டு, அவர் வாழ்க்கையைப் போய்ப் படியுங்கள். உண்மையில் அவர் ராணுவத்தில் நியூகினியாவில் இருந்தவர். மனோக்வாரி என்கிற இடத்தில் பட்டினியும் மலேரியாவுமாகக் கிடந்த சிப்பாய்களுக்காக நாடகக் குழு அமைத்து நாடகம் போட்டார்கள். ஒரு தடவை மேடையில் காகிதப் பனி பெய்ய வைத்ததும், பனி பெய்கிற வட ஜப்பான் ஊர்களிலிருந்து வந்த சிப்பாய்கள் அழுதுவிட்டார்கள். இதை அவரே புத்தகமாக எழுதினார், 1961-இல் அவரையே வைத்துப் படமாகவும் எடுத்தார்கள். மறுவருஷம்தான் ஓசு அவரை அந்த மதுக்கடையில் சல்யூட் அடிக்க வைக்கிறார். முதலில் காட்சி, பிறகு வாழ்க்கை, திரும்பவும் காட்சி, இந்த வரிசையில் செய்யுங்கள். முதலிலேயே விக்கிபீடியா படித்துவிட்டுப் போனால் காட்சியில் நாமே சோகத்தைக் கொண்டுபோய் வைத்துவிடுவோம்.

வாழ்க்கைக் குறிப்பு தேடும்போது குடும்பத்தைக் கண்டிப்பாகப் பாருங்கள், ஏனென்றால் ஜப்பானில் துணை நடிகர்கள் பலரும் வானத்திலிருந்து குதித்தவர்கள் இல்லை. கட்டோ டோக்கியோவின் அசாகுசாவில், கபுகி என்கிற பாரம்பரிய நாடக மேடைக் குடும்பத்தில் பிறந்தவர். அக்கா சாவமுரா சடாகோ பெரிய குணச்சித்திர நடிகை. அண்ணன் நடிகர், அண்ணன் மகன்கள் நாகாட்டோ ஹிரோயூக்கியும் சுகாவா மசாஹிகோவும் நடிகர்கள். 1985-இல் வந்த 'டாம்போப்போ' என்கிற ரேமன் நூடுல்ஸ் கடைப் படத்தில், பழத்தை அமுக்கி அமுக்கிப் பார்க்கிற பாட்டியைத் துரத்துகிற சூப்பர்மார்க்கெட் மேனேஜர் இந்த சுகாவாதான். இன்னொரு தமாஷ். செவன் சாமுராயில் சாமுராய்கள் கண்ணில் மகள் பட்டுவிடுவாளோ என்று பயந்து அவள் முடியை வெட்டுகிற விவசாயி மான்சோ இருக்கிறாரே, ஃபுஜிவாரா கமதாரி, அவர் சாவமுரா சடாகோவின் முன்னாள் கணவர். அதாவது ஈட்டிக்காரரும் விவசாயியும் ஒரு காலத்தில் மச்சான் மாப்பிள்ளை. இந்த ஃபுஜிவாராவின் படப்பட்டியலைத் தேடும்போது யுத்த காலத்தில் வேறு பெயரில் இருப்பார், அவருடைய மேடைப் பெயர் சரித்திரத்தில் வருகிற பெரிய பிரபு ஒருவரின் பெயர் என்பதால் அரசாங்கம் அது மரியாதையில்லை என்று மாற்றச் சொல்லிவிட்டது. கட்டோவும் யுத்தத்துக்கு முன்னால் ஸென்ஷின்ஸா நாடகக் குழுவில் வேறு மேடைப் பெயரில்தான் இருந்தார், 1937-இல் வந்த 'ஹ்யூமானிட்டி அண்ட் பேப்பர் பலூன்ஸ்' படத்தில் அந்தப் பெயரில்தான் டைட்டில். ஆகவே ஒரு நடிகரின் படங்கள் ஒரு வருஷத்துக்கு முன்னால் திடீரென்று இல்லாமல் போனால், பெயர் மாறியிருக்கிறதா என்று முதலில் பாருங்கள்.

அடுத்து கம்பெனி. இதைப் புரிந்துகொள்ளாமல் எந்த நடிகரின் பட்டியலைப் பார்த்தாலும் குழப்பம்தான். 1953-இல் ஷோச்சிக்கு, தோஹோ, டாயே, ஷின்தோஹோ, தோயே ஆகிய ஐந்து கம்பெனிகளும் ஒருத்தர் ஆளை இன்னொருத்தர் இழுக்கக் கூடாது என்று ஒப்பந்தம் போட்டுக்கொண்டன. ஒப்பந்த நடிகர் என்றால் அந்தக் கம்பெனி சொல்கிற படத்தில்தான் நடிக்க வேண்டும், வெளியே போக வேண்டுமென்றால் கம்பெனிகள் பேசிக் கடன் கொடுத்து வாங்க வேண்டும். கட்டோ தோஹோ ஆள், ஓசுவோ ஷோச்சிக்கு. அவர் ஓசு படத்தில் இருக்கிறார் என்றால் பின்னால் அப்படி ஒரு கொடுக்கல் வாங்கல் இருக்கிறது. ஓசுவே 1961-இல் தோஹோ பக்கம் போய் 'தி எண்ட் ஆஃப் சம்மர்' எடுத்துக் கொடுத்தது இந்த மாதிரி நடிகர் கடனுக்கு ஈடாகத்தான், அதிலும் கட்டோ இருக்கிறார். கடன் போகாத நாட்களில் என்ன செய்தார் என்றால், தோஹோவின் கம்பெனி முதலாளி நகைச்சுவை வரிசை ஒன்று 1956-இல் தொடங்கி 1970 வரை ஓடியது, அதில் முதலாளிக்குக் கீழே டை கட்டிக்கொண்டு தவிக்கிற அதிகாரி. வெளிநாட்டுக்காரர்கள் எழுதுகிற புத்தகங்களில் இந்தப் படங்களைப் பற்றி ஒரு வரிகூட இருக்காது. ஜப்பானில் சாதாரண ரசிகர்களுக்கு அவர் முகம் பழகியது ஈட்டியோடு மட்டும் இல்லை, இந்த டையோடும்தான்.

இத்தனை படம் எப்படி நடித்தார்கள் என்று தோன்றும். 1958-இல் ஜப்பான் தியேட்டர்களில் விற்ற டிக்கெட் 112 கோடிக்கு மேல், மக்கள்தொகை பத்துக் கோடிகூடக் கிடையாது. 1960-இல் மட்டும் 547 படம். இரண்டு படம் சேர்த்து ஒரே டிக்கெட்டில் காட்டி, அதையும் வாரத்துக்கு வாரம் மாற்றிக்கொண்டிருந்த காலம், அப்போது ஹீரோவை விட அவசரத் தேவை மாமனார், போலீஸ்காரர், வட்டிக்காரர், மேனேஜர் போட ஆள்தான்.

கம்பெனிக்குக் கட்டுப்படாமல் எல்லா இடத்திலும் தெரிகிற ஆட்கள் இருந்தால் அவர்கள் பெரும்பாலும் நாடகக் குழுக்காரர்கள். புங்காகுஸா 1937-இல் தொடங்கியது, ஹாயூஸா 1944-இல். இவர்களைக் கம்பெனிகள் படத்துக்குப் படம் கூப்பிட்டுக்கொண்டன, அவர்களும் சினிமாவில் சம்பாதித்து நாடகத்தில் போட்டார்கள். ஹாயூஸா ரொப்போங்கியில் 1954-இல் சொந்தத் தியேட்டர் திறந்ததே இப்படி வந்த காசில்தான். கே.பி.ஏ.சி. என்கிற நாடகக் குழுவின் பெயர் மலையாள நடிகை லலிதாவின் பெயருக்கு முன்னால் கடைசிவரை இருந்ததைப் பார்த்த நமக்கு இது ஒன்றும் விளக்க வேண்டியதில்லை. செவன் சாமுராயின் அமைதியான வாள் வீரர் மியாகுச்சி செய்ஜி புங்காகுஸா ஆள், படத்துக்கு முன்னால் வாள் சண்டை பழக்கமே கிடையாதாம்.

புங்காகுஸாவிலிருந்து நீங்கள் எடுக்க வேண்டிய இரண்டாவது பாடம் சுகிமுரா ஹருகோ. நடிகைகளை விட்டுவிட்டுத் துணை நடிகர் ஆராய்ச்சி பண்ணுகிறவர்கள் பாதி சினிமாவை விட்டுவிடுகிறார்கள். 'டோக்கியோ ஸ்டோரி' (1953) படத்தில் அழகு நிலையம் நடத்துகிற மூத்த மகள். ஊரிலிருந்து வந்த அப்பா அம்மாவுக்குக் கணவர் நல்ல பலகாரம் வாங்கி வந்தால், இவ்வளவு விலையில் எதற்கு என்று சொல்லிக்கொண்டே தானே எடுத்து வாயில் போடுவார். வந்திருப்பது யார் என்று வாடிக்கையாளர் கேட்டால், ஊர்ப்பக்கம் தெரிந்தவர்கள் என்பார். அம்மா இறந்ததும் நிஜமாகவே குலுங்கி அழுவார், கொஞ்ச நேரத்தில் சாப்பாட்டு இடத்திலேயே அம்மாவின் துணிமணியில் தனக்கு இன்னது வேண்டும் என்று கேட்பார். கெட்டவள் என்று ஒதுக்கத் தோன்றும். பிறகு நம் குடும்பத்திலேயே ரெண்டு பேர் ஞாபகம் வருவார்கள். கவனிக்க வேண்டியது கையை: அவர் பேசுகிற வசனத்துக்கும் கை செய்கிற வேலைக்கும் சம்பந்தமே இருக்காது, சீப்பு, விசிறி, தட்டு என்று எதையாவது செய்துகொண்டேதான் பேசுவார். அந்தப் படத்தில் எழுபது வயது அப்பாவாக வருகிற சிஷூ ரியூவுக்கு அப்போது 49 வயது, மகளாக வருகிற சுகிமுரா அவரைவிடச் சில வயதுதான் இளையவர். ஆகவே குறிப்பெழுதும்போது நடிகர் வயது, பாத்திர வயது இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் எழுதுங்கள், சில இடத்தில் ஆச்சரியமாக இருக்கும்.

குறிப்பு என்றதும் பெரிய அட்டவணை போட்டுக்கொண்டு உட்காராதீர்கள், அது படம் பார்ப்பதைக் கெடுத்துவிடும். வருஷம், கம்பெனி, இயக்குநர், பாத்திரத்தின் தொழில், வயது, யாரோடு ஒரே ஃப்ரேமில் நிற்கிறார், ஏதாவது ஒரு சைகை. இவ்வளவு போதும். தொழில் என்கிற இடம் முக்கியம். ஒரு நடிகருக்கு இருபது வருஷம் என்னென்ன தொழில் கொடுத்தார்கள் என்று கீழே வரிசையாகப் படித்தால், ஊர் எப்படி மாறியது என்பதும் அதிலேயே வந்துவிடும்: காவலர், ரவுடி, போர்க்கைதி, சலவைக்கடை, ஃபாக்டரி முதலாளி, கம்பெனி அதிகாரி, கார் மெக்கானிக்.

டிவி பக்கத்தையும் விட்டுவிடாதீர்கள். ஹாயூஸாவின் டோனோ எய்ஜிரோ, செவன் சாமுராயில் குழந்தையைப் பிடித்து வைத்துக்கொள்கிற திருடன், யோஜிம்போவில் சாராயக்கடைக் கிழவர், ஆன் ஆட்டம் ஆஃப்டர்நூனில் 'சுரைக்காய்' என்று பட்டப்பெயர் வாங்கிய குடிகார வாத்தியார். இப்படி முப்பது வருஷம் அழுக்கும் புலம்பலுமாக நடித்தவர் 1969-இல் 'மிட்டோ கோமோன்' என்கிற டிவி தொடரில் ஊர் ஊராக மாறுவேடத்தில் போய் நியாயம் கேட்கிற பெரியவராக வந்து, 1983 வரை ஜப்பானுக்கே தாத்தா ஆகிவிட்டார். எழுபதுகளில் சினிமாக் கம்பெனிகள் ஆட்டம் கண்டபோது (டாயே 1971-இல் திவால்) துணை நடிகர்களுக்குச் சோறு போட்டது டிவிதான். ஆனால் ஆரம்ப கால டிவி நாடகங்கள் பலவும் இன்று இல்லை, டேப் விலை அதிகம் என்று அதன் மேலேயே அடுத்த நிகழ்ச்சியைப் பதிந்துவிட்டார்கள். பட்டியலில் இருக்கிறது, தேடினால் கிடைக்கவில்லை என்றால் உங்கள் தேடலில் கோளாறு இல்லை.

படம் எங்கே கிடைக்கும் என்று எல்லாரும் கேட்பார்கள். முபி என்கிற ஸ்ட்ரீமிங் தளத்தில் அவ்வப்போது வரும், போகும். ஜப்பான் பவுண்டேஷன் இணையத்தில் சில நேரம் இலவசமாகக் காட்டுகிறது, பதிவு செய்தால் போதும். டிசம்பரில் திருவனந்தபுரம் திரைப்பட விழாவுக்குப் போகிறவர்கள் பாலக்காட்டில் ராத்திரி அமிர்தா எக்ஸ்பிரஸைப் பிடித்தால் காலையில் அங்கே இருக்கலாம். பழைய படத்தைப் பெரிய திரையில் பார்த்தால் பின்னால் நிற்கிற ஆளின் முகம் தெரியும், போனில் தெரியாது. மலையாளம் வாசிக்க வருகிறவர்களுக்கு எம்சோன்காரர்கள் போடுகிற சப்டைட்டில் இருக்கிறது, ஆங்கிலத்தை விட அதில் பேச்சு நம் காதுக்குப் பக்கத்தில் இருக்கும்.

வாயனசாலையிலோ வீட்டிலோ நாலு பேரைச் சேர்த்துப் போடுவதாக இருந்தால், ஆரம்பத்தில் எழுந்து நின்று அறிமுக உரை வேண்டாம். "இந்த ஆள் வரும்போது சொல்லுங்க" என்று போட்டோ ஒன்றை மட்டும் காட்டிவிட்டு உட்காருங்கள். அவரவர் கண்டுபிடித்துக் கத்துவார்கள், பின்னால் இருந்து ஒருவர் "அது அவன் இல்லப்பா" என்பார், சண்டை வரும், அது வரட்டும். படத்தை நடுவில் நிறுத்தி விளக்குகிற மாஷ் (வாத்தியார்) ஒருவர் எல்லா ஊரிலும் இருப்பார், ரிமோட்டை அவர் கையில் கொடுக்காதீர்கள்.

கட்டோவும் சுகிமுராவும் முடிந்த பிறகு எங்கே போவது என்றால், சண்டைப் படம் பிடித்தவர்கள் ஃபுகுமோட்டோ செய்ஸோவை எடுங்கள். தோயேயின் கியோட்டோ ஸ்டூடியோவில் பதினைந்து வயதில் சேர்ந்து, வெட்டுப்பட்டுச் சாகிற வேடத்தையே வாழ்நாள் தொழிலாக வைத்துக்கொண்டவர். இறால் மாதிரி பின்பக்கமாக வளைந்து விழுவது அவர் முத்திரை. 'தி லாஸ்ட் சாமுராய்' (2003) படத்தில் டாம் குரூஸ் பின்னாலேயே பேசாமல் நடக்கிற கிழவர் அவர்தான், 2014-இல் 'உசுமாசா லைம்லைட்' படத்தில் ஒருவழியாக அவரைக் கதாநாயகனாகப் போட்டார்கள், 2021-இல் இறந்தார். இன்றைய ஆட்கள் வேண்டுமென்றால் ஓசுகி ரென், மட்சுஷிகே யுடாகா. 2017-இல் துணை நடிகர்கள் ஆறு பேர் தங்களாகவே நடித்த டிவி தொடர் ஒன்று வந்தது, அதில் இருவரும் இருக்கிறார்கள். அடுத்த வருஷம் அதன் இரண்டாம் பாகம் எடுத்துக்கொண்டிருந்தபோதுதான் ஓசுகி இறந்துபோனார். மட்சுஷிகே 2012-இலிருந்து தனியாகச் சாப்பிடப் போகிற சேல்ஸ்மேனாக ஒரு டிவி தொடரில் கதாநாயகன். அதைப் பசியோடு பார்க்க உட்காராதீர்கள்.